நம்ம கடலில் எடுத்த படம், நாம் மட்டும் பார்க்காத படம்

எங்கள் மாவட்டத்துக்காரர்களிடம் லீனா மணிமேகலை என்று பெயர் சொல்லிப் பாருங்கள். மூன்று விதமான பதில்தான் வரும். ஒன்று, "யாரு?" இரண்டு, "அந்தக் காளி போஸ்டர் போட்டவங்களா?" மூன்றாவது, கொஞ்சம் சினிமா செய்தி படிக்கிற ஆளாக இருந்தால், "ஓ... சர்ச்சை இயக்குநர்!"

"செங்கடல் எடுத்தவங்கதானே" என்று சொன்ன ஒருத்தரை இன்னும் நான் பார்க்கவில்லை. இத்தனைக்கும் அது தனுஷ்கோடியில் எடுத்த படம். தனுஷ்கோடி மீனவர்களைப் பற்றி, அந்த மீனவர்களையே நடிக்க வைத்து எடுத்த படம். கதாநாயகன் கடற்கரையில் ஒரு பாட்டுக்கு ஆடிவிட்டுப் போனால் "நம்ம ஊர்ல ஷூட்டிங்" என்று பத்து வருஷம் பெருமை பேசுகிற நமக்கு, இது மட்டும் தெரியவே தெரியாது.

இந்தப் பதிவு கொஞ்சம் கோபமாகத்தான் இருக்கும். பொறுத்துக்கொள்ளுங்கள்.

முதலில் ஆள் யார் என்று பார்த்துவிடுவோம். லீனா மணிமேகலை பக்கத்து விருதுநகர் மாவட்டத்துக்காரர். ஊர் மகாராஜபுரம். கவிஞர். 2000-களின் தொடக்கத்திலிருந்து ஆவணப்படங்கள் எடுக்கிறார். 2002-ல் 'மாத்தம்மா', பெண் குழந்தைகளைத் தெய்வத்துக்கு நேர்ந்துவிடுகிற வழக்கத்தைப் பற்றியது. 2003-ல் 'பறை', தலித் பெண்கள் மீதான வன்முறையைப் பற்றியது. 'தேவதைகள்' என்ற ஆவணப்படம் மூன்று பெண்களைப் பற்றியது. ஒருவர் ஒப்பாரி பாடுகிறவர், ஒருவர் கடலுக்குப் போய் மீன் பிடிக்கிறவர், ஒருவர் பிணம் புதைக்கிறவர். அதற்கு 2008-ல் மும்பை சர்வதேசத் திரைப்பட விழாவில் தங்கச் சங்கு கிடைத்தது. 2011-ல் 'செங்கடல்'. 2013-ல் இலங்கையில் காணாமல் ஆக்கப்பட்டவர்களின் குடும்பங்களைப் பற்றி 'வெள்ளை வேன் கதைகள்'. 2019-ல் 'மாடத்தி', பொதுமக்களிடம் பணம் திரட்டி எடுத்தது, பூசான் திரைப்பட விழாவில் முதலில் திரையிடப்பட்டது, 2021-ல் இணையத்தில் வெளியானது.

இதில் முக்கியமான விஷயம் ஒன்று இருக்கிறது. இவர் நடிகையும்கூட. 'செல்லம்மா' மாதிரி மற்றவர்கள் எடுத்த குறும்படங்களில் நடித்திருக்கிறார். 'செங்கடல்' படத்தின் முக்கியப் பாத்திரமே இவர்தான். 'காளி'யில் காளியாக வந்ததும் இவர்தான். எழுதுவது, இயக்குவது, நடிப்பது, படத்தைத் தூக்கிக்கொண்டு கோர்ட்டுக்கும் தணிக்கைக்கும் அலைவது என்று எல்லாம் ஒரே ஆள். பெரிய கம்பெனி கிடையாது, பின்னால் நிற்க ஹீரோ கிடையாது.

இப்படி ஒரு ஆளைப் பற்றி நாம் வைத்திருக்கிற குற்றச்சாட்டுகளை ஒவ்வொன்றாக எடுத்துப் பார்க்கலாம். எல்லாமே நான் நேரில் கேட்டவைதான்.

குற்றச்சாட்டு 1: "தன் படத்தில் தானே நடிச்சுக்கிறது விளம்பர வெறி."

அப்படியா? பார்த்திபன் 2019-ல் 'ஒத்த செருப்பு சைஸ் 7' எடுத்தார். திரையில் அவர் ஒருவர் மட்டும்தான். எழுதியதும் அவரே, இயக்கியதும் அவரே. நாம் என்ன சொன்னோம்? சாதனை என்று சொன்னோம். தேசிய விருதும் கொடுத்தார்கள். நானும் கைதட்டினேன். எம்.ஜி.ஆர். 1958-ல் 'நாடோடி மன்னன்' எடுத்தபோது தயாரிப்பு, இயக்கம், இரட்டை வேடம் எல்லாம் அவரே. அதைத் துணிச்சல் என்று இன்றைக்கும் கதை சொல்கிறோம். ஆண் செய்தால் துணிச்சல், பெண் செய்தால் விளம்பர வெறியா? இது என்ன கணக்கு என்று யாராவது விளக்கினால் நல்லது.

இந்தக் கணக்கு இன்று நேற்று வந்தது இல்லை. தமிழின் முதல் பேசும்பட நாயகி டி.பி. ராஜலட்சுமி. 1931-ல் 'காளிதாஸ்'. ஐந்தே வருஷத்தில், 1936-ல், 'மிஸ் கமலா' படத்தை அவரே எழுதி, தயாரித்து, இயக்கி, நடித்தார். அதாவது தமிழ் சினிமா பேச ஆரம்பித்த ஐந்தாவது வருஷத்திலேயே ஒரு நடிகை இயக்குநர் ஆகிவிட்டார். நம் வகுப்பில் எத்தனை பேருக்கு இது தெரியும்? பானுமதி 1953-ல் 'சண்டிராணி'யை மூன்று மொழிகளில் இயக்கினார். சாவித்திரி 1969-ல் 'குழந்தை உள்ளம்', 1971-ல் 'பிராப்தம்' என்று இயக்கினார். சாவித்திரியைப் பற்றிப் பேசும்போது நம் பெரியவர்கள் என்ன சொல்வார்கள்? "படம் எடுக்கிறேன்னு போய் சொத்தை எல்லாம் தொலைச்சுட்டா." சொந்தப் படம் எடுத்து நஷ்டப்பட்ட நடிகர்களைப் பற்றி என்ன சொல்வார்கள்? "கலைக்காகக் கையிலிருந்து போட்டார்." ஒரே நஷ்டம்தான். ஒருத்தருக்குத் தியாகம், ஒருத்தருக்குப் பாடம்.

பிறகு வந்தவர்களும் இருக்கிறார்கள். சுஹாசினி முறையாக ஒளிப்பதிவு படித்தவர், 1995-ல் 'இந்திரா' இயக்கினார். ரேவதி 2002-ல் 'மித்ர் மை ஃப்ரெண்ட்' இயக்கினார், தேசிய விருது வாங்கினார். ரோகிணியை நமக்கு நடிகையாகத் தெரியும். 'பம்பாய்' படத்தில் மனிஷா கொய்ராலாவுக்குக் குரல் கொடுத்தது அவர்தான் என்று எத்தனை பேருக்குத் தெரியும்? திரையில் முகம் வேண்டும், திரைக்குப் பின்னால் உழைப்பும் வேண்டும், ஆனால் அந்த உழைப்புக்குப் பெயர் மட்டும் வேண்டாம். நம் சினிமா நடிகைகளை நடத்தும் விதம் இதுதான்.

சரி, செங்கடலுக்கு வருவோம். அதில் லீனா நடித்திருப்பது தியாகத்தின் உருவமான நாயகியாக இல்லை. மணிமேகலை என்ற பெயரிலேயே, படம் எடுக்க முயன்று கொண்டிருக்கிற, அந்தக் கடற்கரைக்கு வெளியாளான ஒரு பெண்ணாக வருகிறார். யோசித்துப் பாருங்கள். ஒரு வெளியூர் ஆள் கேமராவோடு நம் ஊருக்கு வந்தால் நாம் முதலில் கேட்கிற கேள்வி என்ன? "நீ யாரு, உனக்கு இங்க என்ன வேலை?" பொதுவாக இயக்குநர்கள் இந்தக் கேள்வியிலிருந்து தப்பிக்கக் கேமராவுக்குப் பின்னால் ஒளிந்துகொள்வார்கள். இவர் கேமராவுக்கு முன்னால் வந்து நின்று அந்தக் கேள்வியைத் தன் மேலேயே வாங்கிக்கொள்கிறார். இதை விளம்பரம் என்று சொல்கிறவர்கள் படத்தைப் பார்க்காதவர்கள் என்பது என் கருத்து.

குற்றச்சாட்டு 2: "நடிப்பே சரியில்லை. டாக்குமெண்டரி மாதிரி இருக்கு."

இதைச் சொன்னவர் படத்தின் டிரெய்லரை மட்டும் பார்த்தவர். இருந்தாலும் பதில் சொல்கிறேன். ஆமாம், சில இடங்களில் நடிப்பு முரடாகத்தான் இருக்கிறது. சில காட்சிகள் ஒட்டவில்லை. எல்லாக் காட்சியும் அருமை என்று நான் சத்தியம் பண்ண வரவில்லை.

ஆனால் நம் கரையை வைத்து எடுத்த மற்ற படங்களையும் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். 'நந்தா' 2001-ல் வந்தது. 'கன்னத்தில் முத்தமிட்டால்' 2002-ல். 'ராமேஸ்வரம்' என்று ஊர்ப் பெயரையே வைத்து 2007-ல் ஒரு படம். மூன்றிலும் அகதிகள் வருகிறார்கள். எதற்கு வருகிறார்கள்? நாயகனின் நல்ல மனசைக் காட்டுவதற்கு, காதலுக்கு, கண்ணீருக்கு. நல்ல படங்கள் இல்லை என்று சொல்லவில்லை, 'கன்னத்தில் முத்தமிட்டால்' எனக்கும் பிடிக்கும். ஆனால் அந்தப் படங்களில் நம் மீனவன் எங்கே இருக்கிறான்? பின்னணியில் வலையை உதறிக்கொண்டு நிற்பான். பத்து செகண்ட்.

செங்கடலில் முனுசாமி என்ற மீனவர் இருக்கிறார். சூரி என்ற அகதி இருக்கிறான், ரேடியோதான் அவன் உலகம். அகதிகளோடு வேலை செய்கிற ரோஸ்மேரி இருக்கிறார். திரைக்கதையை லீனாவோடு சேர்ந்து எழுதியவர்கள் ஷோபாசக்தியும் சி. ஜெரால்டும். ஷோபாசக்தி யார் என்று கேட்பவர்களுக்கு: ஈழத்திலிருந்து அகதியாகப் பிரான்ஸ் போன எழுத்தாளர். 2015-ல் கான் திரைப்பட விழாவில் தங்கப்பனை வாங்கிய 'தீபன்' படத்தின் நாயகன். அவர் எழுதி, நம் தனுஷ்கோடி ஜனங்கள் நடித்த படம். நடிப்புப் பயிற்சிக்கூடத்தில் படித்த பத்துப் பேர் லுங்கி கட்டிக்கொண்டு மீனவர் மாதிரி நடித்தால் உங்களுக்கு உறுத்தாது, மீனவரே நடித்தால் உறுத்துகிறதா? நம் பேச்சு, நம் வசவு, நம் கறுத்த முகம் திரையில் வந்தால் "டாக்குமெண்டரி மாதிரி" என்று சொல்லிவிடுவோம். நாமே நம்மைப் பார்த்துக் கூச்சப்படுகிறோம், அவ்வளவுதான்.

குற்றச்சாட்டு 3: "சென்சாரே தடை பண்ணின படம். அதுல என்னமோ இருக்கு."

இது கொஞ்சம் விவரமாகப் பேச வேண்டிய விஷயம். 2011 தொடக்கத்தில் சென்னைத் தணிக்கை வாரியம் செங்கடலுக்குச் சான்றிதழ் தர மறுத்தது உண்மை. இலங்கை, இந்திய அரசுகளை இழிவாகப் பேசுகிறது, வசைச்சொற்கள் இருக்கின்றன என்பவை சொல்லப்பட்ட காரணங்கள். வலை அறுந்து, படகு பறிபோய், அடி வாங்கி வந்த ஆள் செந்தமிழிலா பேசுவார்? எந்த மீனவர் குப்பத்துக்கும் போய் அரை மணி நேரம் உட்கார்ந்திருந்தால் தெரிந்துவிடும்.

ஆனால் கதை அங்கே முடியவில்லை. லீனா மேல்முறையீட்டுத் தீர்ப்பாயத்துக்குப் போனார். அதே 2011 ஜூலையில் ஒரு வெட்டுகூட இல்லாமல் 'ஏ' சான்றிதழ் கிடைத்தது. அந்த வருஷமே இந்தியத் திரைப்பட விழாவின் இந்தியன் பனோரமாவுக்கும் தேர்வானது. அதாவது ஒரு மேஜையில் "நாட்டுக்கு ஆகாது" என்று சொன்ன படத்தை இன்னொரு மேஜையில் நாட்டின் சார்பாகவே காட்டினார்கள். நமக்கு முதல் பாதி மட்டும் ஞாபகம் இருக்கிறது. "தடை பண்ணின படம்" என்கிற முத்திரை ஒட்டிக்கொண்டது, "தடை விலகிய படம்" என்கிற செய்தி யாருக்கும் வந்து சேரவில்லை.

இன்னொன்றும் சொல்ல வேண்டும். அந்த மேல்முறையீட்டுத் தீர்ப்பாயமே இப்போது கிடையாது. 2021 ஏப்ரலில் அதைக் கலைத்துவிட்டார்கள். இன்றைக்கு இப்படி ஒரு படத்தை மறுத்தால் நேரே ஹைகோர்ட்டுக்குத்தான் போக வேண்டும். வக்கீல் ஃபீஸ் யார் கொடுப்பது? பெரிய கம்பெனிக்கு அது ஒரு நாள் ஷூட்டிங் செலவு. கையில் காசு இல்லாமல் படம் எடுக்கிற ஆளுக்கு அது அடுத்த படம். லீனா 2011-ல் போன பாதை இன்றைக்கு மூடியாச்சு. அடுத்து நம் கரையிலிருந்தே ஒரு பெண் கேமரா எடுத்தால் அவள் இன்னும் கஷ்டமான பாதையில்தான் போக வேண்டும்.

குற்றச்சாட்டு 4: "எல்லாம் சரி, அந்தக் காளி போஸ்டர்?"

வந்துட்டீங்களா :-) நான் கோயில் ஊர்க்காரன். மங்களநாதர் கோயில் மணியோசையில் வளர்ந்தவன். 2022-ல் அந்த போஸ்டர் பலருக்கு மனசு நோகச் செய்தது என்பதை நான் மறுக்கவில்லை. பல மாநிலங்களில் வழக்கு போட்டார்கள். 2023 ஜனவரியில் உச்ச நீதிமன்றம் அவருக்கு இடைக்காலப் பாதுகாப்பு கொடுத்தது. அதைப் பற்றி உங்களுக்கு ஒரு கருத்து இருக்கலாம், எனக்கு ஒரு கருத்து இருக்கலாம். அந்தச் சண்டையை இன்னொரு நாள் வைத்துக்கொள்வோம்.

என் கேள்வி வேறு. இருபது வருஷம் உழைத்த ஒருவரை ஒரே ஒரு போஸ்டருக்குள் சுருட்டி வைப்பது நியாயமா? கோபப்பட்டவர்களில் எத்தனை பேர் 'மாடத்தி' பார்த்தார்கள்? அதுவும் ஒரு தெய்வத்தின் கதைதான். பார்த்தாலே தீட்டு என்று ஒதுக்கப்பட்ட புதிரை வண்ணார் சமூகத்துப் பெண் எப்படித் தெய்வம் ஆனாள் என்கிற கதை. தென் மாவட்டத்தில் ஊருக்கு ஊர் இப்படி ஒரு அம்மன் இருக்கிறாள். கொடுமையாகச் செத்த பெண்ணுக்குப் பிறகு கோயில் கட்டிப் பொங்கல் வைப்போம். உயிரோடு இருந்தபோது அவளுக்கு என்ன செய்தோம் என்று அந்தப் படம் கேட்கிறது. சாமி கும்பிடுகிறவன்தான் இந்தக் கேள்வியை முதலில் காதில் வாங்க வேண்டும்.

இனி நம் பக்கத்துக் கணக்கு.

நம் கல்லூரிகளில் ஃபிலிம் கிளப் என்ற பெயரில் என்ன நடக்கிறது என்று உங்களுக்கே தெரியும். ஒரு கல்லூரியில் (பெயர் வேண்டாம்) மாணவர்கள் சிலர் சேர்ந்து செங்கடலைப் போடலாமா என்று கேட்டோம். கிடைத்த பதில், "நல்ல படமாத்தான் இருக்கும் தம்பி. ஆனா எதுக்கு வம்பு?" படத்தைப் பார்க்காமலேயே நல்ல படம் என்று ஒத்துக்கொண்டார்கள், பார்க்காமலேயே வேண்டாம் என்றும் சொல்லிவிட்டார்கள். சான்றிதழ் வாங்கிய படம் ஐயா, அரசாங்கமே விழாவில் காட்டின படம் என்று சொன்னோம். "அதெல்லாம் சரிப்பா..." அவ்வளவுதான். கடைசியில் நான் அந்தப் படத்தைப் பார்த்தது வேறு மாவட்டத்தில், முப்பது நாற்காலி போட்ட ஒரு திரையிடலில். தனுஷ்கோடியைப் பார்க்க ராமநாதபுரத்துக்காரன் வெளியூர் பஸ் ஏற வேண்டியிருக்கிறது.

எங்கள் உத்தரகோசமங்கையில் மரகத நடராஜர் வருஷம் முழுக்கச் சந்தனக் காப்பில்தான் இருப்பார். மார்கழித் திருவாதிரையை ஒட்டி மட்டும்தான் காப்பைக் களைவார்கள். அந்த ஒரு நாளுக்கு எங்கெங்கிருந்தோ கூட்டம் வரும். அவரையாவது வருஷத்தில் ஒரு நாள் பார்த்துவிடலாம். செங்கடலை நம் மாவட்டத்தில் பார்க்க அந்த ஒரு நாளும் கிடையாது.

"பார்த்து என்ன ஆகப்போகுது?" என்று ஒரு மாப்ள கேட்டான். சொல்கிறேன்.

தனுஷ்கோடிக்கும் தலைமன்னாருக்கும் நடுவில் 30 கிலோமீட்டர்கூட இல்லை. இந்த இடைவெளியில் நடப்பதைப் பற்றி நமக்கு எல்லாம் தெரியும் என்று நினைத்துக்கொண்டிருக்கிறோம். எல்லை தாண்டினார்கள், கைது, படகு பறிமுதல், வேலைநிறுத்தம், அமைச்சருக்குக் கடிதம். நியூஸில் ஒரு நிமிஷம். 1974 ஒப்பந்தம், கச்சத்தீவு என்று மேடையில் பேச ஆள் இருக்கிறது. ஆனால் கரைக்குத் திரும்பாத படகுக்காகக் காத்திருக்கிற வீடு எப்படி இருக்கும்? 1964 புயலில் ஊரே போய், வசிக்கத் தகுதியில்லாத இடம் என்று சொன்ன பிறகும் அந்த மணலில் குடிசை போட்டுக்கொண்டு இருப்பவர்கள் எப்படி இருக்கிறார்கள்? தேயிலைத் தோட்டத்துக்குப் போன கூலி ஜனங்களை வெள்ளைக்காரன் காலத்தில் தங்க வைத்த மண்டபம் முகாமில், அதே கடல் வழியாகத் திரும்பி வந்த அகதிகள் எப்படி இருக்கிறார்கள்? 2017-ல் அரிச்சல்முனை வரைக்கும் ரோடு வந்தது. நாம் போய் செல்ஃபி எடுத்தோம். வழியில் இருந்த குடிசைகளில் யாரோடாவது ஐந்து நிமிஷம் பேசினோமா?

இன்னும் சங்கடமான கேள்வியும் இருக்கிறது. அந்தக் கரையில் இருப்பவனும் தமிழ் மீனவன்தான். யுத்தம் முடிந்த பிறகு அவன் கடலுக்குத் திரும்பினான். நம் இழுவைப் படகு கடலின் அடியைச் சுரண்டிக்கொண்டு போகிறது, என் வலை கிழிகிறது என்று புகார் சொல்கிறான். 2017-ல் இலங்கை அடிமடி இழுவையையே சட்டம் போட்டுத் தடை செய்தது. நம்முடைய கோஷங்களில் அவனுக்கு இடம் உண்டா? செங்கடல் இதற்கெல்லாம் பதில் வைத்திருக்கிறது என்று நான் சொல்லவில்லை. அது 2011 படம், அதற்குப் பிறகு எவ்வளவோ நடந்துவிட்டது. ஆனால் இந்தக் கடலைப் பற்றிப் பேசும்போது கொடியையும் கோஷத்தையும் தள்ளி வைத்துவிட்டு மனிதர்களைப் பார்க்கலாம் என்று அது காட்டுகிறது. அடுத்த படத்தை நம் ஊர்ப் பிள்ளைகள் எடுக்க வேண்டும். முதல் படத்தையே பார்க்காதவன் அடுத்ததை எப்படி எடுப்பான்?

ஒரு கலைஞரைப் பிடிக்காமல் போகலாம். படம் மோசம் என்று திட்டலாம். அது நம் உரிமை. ஆனால் பார்த்துவிட்டுத் திட்ட வேண்டும். லீனா மணிமேகலை பேசுவது பிடிக்கவில்லையா, கவிதை பிடிக்கவில்லையா, போஸ்டர் பிடிக்கவில்லையா, சரி. அவர் தன் முகத்தையும் பெயரையும் வைத்து நம் கடற்கரையில் எடுத்த படத்தைப் பார்க்காமலேயே "சர்ச்சை" என்று ஒரு வார்த்தையில் கதவைச் சாத்துவதற்கு மட்டும் நமக்கு எந்த யோக்கியதையும் இல்லை.

ராமநாதபுரம், பரமக்குடி, கீழக்கரை, ராமேஸ்வரம் பக்கத்தில் கல்லூரியில் படிக்கிற நண்பர்களுக்கு ஒரு வேண்டுகோள். ஐம்பது பேர் உட்காருகிற ஹால் ஒன்று, புரொஜெக்டர் ஒன்று, நல்ல ஸ்பீக்கர் இரண்டு போதும். முறைப்படி அனுமதி கேட்டு, உரியவர்களுக்குப் பணம் கொடுத்துத் திரையிடலாம். முன் வரிசையில் தனுஷ்கோடியிலிருந்து வருகிறவர்கள் உட்காரட்டும். படம் முடிந்ததும் நாம் பேசாமல் அவர்களைப் பேச விடுவோம். "எங்களை இப்படிக் காட்டியது தப்பு" என்று அவர்கள் சொன்னால் அதையும் கேட்டுக்கொள்வோம். அந்த விமர்சனத்தைச் சொல்லும் உரிமை அவர்களுக்குத்தான் முதலில்.

டிஸ்கி: "உனக்கு அவங்க எவ்வளவு கொடுத்தாங்க?" என்று கேட்கப் போகிறவர்களுக்கு: நான் டிக்கெட் எடுத்துத்தான் பார்த்தேன். பஸ் காசு தனி.